எதிர்வரிசையிலிருந்து வந்த 27 ஓட்டு

1964ஆம் ஆண்டு அமெரிக்காவின் மேலவையான செனட்டில் 100 உறுப்பினர்கள். அவர்களில் கறுப்பினத்தவர் ஒருவர்கூடக் கிடையாது. கீழவையான பிரதிநிதிகள் சபையின் 435 பேரில் ஐந்தே பேர். நாட்டு மக்கள்தொகையில் நூற்றுக்குப் பத்துப் பேராக இருந்த ஒரு சமூகம், எங்களை ஓட்டலில் உட்கார விடு, பள்ளியில் சேர், வேலை கொடுக்கும்போது நிறம் பார்க்காதே என்று கேட்டது. அதற்கான சட்டத்தை அந்த ஆண்டே பெற்றது. தன் ஆள் ஒருவர்கூட இல்லாத சபையில் அது எப்படி நிறைவேறியது?

தெருவில் அடிபட்டவர்களை நமக்குத் தெரியும். மார்ட்டின் லூதர் கிங்கைப் பற்றி இந்தப் பத்தியைப் படிப்பவர்களுக்குப் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. சபைக்கு உள்ளே ஓட்டுச் சேர்த்த ஒருவரின் வாழ்க்கையை இந்த வாரம் பார்ப்போம். அவர் கறுப்பரல்ல, போராளியுமல்ல, ஆளுங்கட்சிக்காரர்கூட அல்ல. எதிர்க்கட்சித் தலைவர். பெயர் எவரெட் டர்க்சன்.

இல்லினாய் மாநிலத்தில் பீக்கின் என்றொரு சிறிய ஊர். சீனத் தலைநகரின் பெயரை வைத்துக்கொண்ட ஊர் அது. அங்கே 1896 ஜனவரி 4 அன்று, ஜெர்மனியிலிருந்து பிழைக்க வந்த குடும்பத்தில் டர்க்சன் பிறந்தார். இரட்டைப் பிள்ளைகளில் ஒருவர். தந்தை வண்டிகளுக்கு வண்ணம் தீட்டும் தொழிலாளி. டர்க்சனுக்கு ஐந்து வயதானபோது அவர் பக்கவாதத்தில் விழுந்தார். ஒன்பது வயதில் தந்தை இல்லை. தாய்தான் மாடும் கோழியும் வளர்த்து, காய்கறி போட்டுக் குடும்பத்தைக் கரையேற்றினார். பிள்ளைகள் பால் கொண்டுபோய் விற்றார்கள்.

அவர்கள் குடியிருந்த பகுதியைப் பீன்டவுன் என்று ஊரார் கேலியாக அழைத்தார்கள். வசதியானவர்கள் வீட்டு முன்புறத்தில் பூச்செடி வைத்தார்கள். வந்தேறிகளோ அந்த இடத்தையும் வீணாக்காமல் பீன்ஸ் போட்டார்கள். அதனால் வந்த பெயர். தெருப் பெயரைச் சொன்னாலே ஆளை எடைபோடும் வழக்கம் நமக்குத் தெரியாததா?

ஆனால் அந்தப் பீன்டவுனுக்கும் கீழே ஒரு படி இருந்தது. சூரியன் மறைந்த பிறகு கறுப்பர்கள் தங்கக் கூடாது என்று வைத்திருந்த வெள்ளை ஊர்கள் அமெரிக்காவின் வடபகுதியிலும் ஏராளம். பீக்கின் அவற்றில் ஒன்று என்று வரலாற்று ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள். 1920களில் கு குளுக்ஸ் கிளான் என்ற வெள்ளை வெறிக் கூட்டம் அந்த ஊரின் நாளிதழையே சில காலம் தன் கையில் வைத்திருந்தது. ஊர்ப் பள்ளியின் விளையாட்டு அணிகளுக்குச் சீனர்களை இழிவாகச் சொல்லும் வசைச் சொல்லே பெயராக இருந்தது. 1980 வரை அதை மாற்றவில்லை. டர்க்சன் வளர்ந்த மண் இது. இதை மறைத்துவிட்டு அவரைப் புகழ்ந்தால் கணக்கு தப்பிவிடும்.

சட்டம் படிக்கப் பல்கலைக்கழகம் போனவர், முதல் உலகப் போர் வந்ததும் ராணுவத்தில் சேர்ந்தார். பிரான்சில் வேவுப் பலூனில் ஏறி எதிரிப் படையின் இருப்பிடத்தைக் கவனித்துச் சொல்லும் வேலை. திரும்பி வந்து சில தொழில்களில் கையைச் சுட்டுக்கொண்டார். பிறகு சகோதரர்களோடு சேர்ந்து ரொட்டிக்கடை நடத்தினார். இடையில் நாடகப் பைத்தியம் வேறு. நாடகம் எழுதினார், மேடை ஏறி நடித்தார். மனைவி லூயெல்லாவைச் சந்தித்ததும் ஊர்க் கலைநிகழ்ச்சி ஒன்றில்தான். அந்த மேடைக் குரல் கடைசி வரை அவரை விட்டுப் போகவில்லை. கரகரப்பும் குழைவும் சேர்ந்த அந்தக் குரலில் பேசி வெளியிட்ட இசைத்தட்டு ஒன்றுக்கு, 72 வயதில் கிராமி விருது வாங்கினார் என்றால் பாருங்கள்.

1932இல் குடியரசுக் கட்சி சார்பில் பிரதிநிதிகள் சபைக்கு வென்றார். அந்த ஆண்டு நாடு முழுக்க ஜனநாயகக் கட்சி அலை. அதில் எதிர்நீச்சல் போட்டு வந்தவர். 16 ஆண்டுகள் அங்கே இருந்தார். கண் நோய் முற்றி, ஒரு கண்ணை எடுத்துவிட வேண்டும் என்று மருத்துவர்கள் சொன்னார்கள். அவர் சம்மதிக்கவில்லை. அரசியலை விட்டு ஒதுங்கினார். கண் தேறியது. 1950இல் செனட் தேர்தலில் நின்றார். தோற்கடித்தது யாரைத் தெரியுமா? செனட்டின் ஆளுங்கட்சித் தலைவரையே.

அப்போது அவர் இணக்கமான மனிதர் ஒன்றும் அல்ல. கம்யூனிஸ்டுகளைப் பிடிக்கிறேன் என்று பலர் வாழ்க்கையைக் கெடுத்த செனட்டர் ஜோசப் மெக்கார்த்தியின் பக்கம் நின்றார். 1954இல் மெக்கார்த்தியைச் சபை கண்டித்தபோது அந்தத் தீர்மானத்தை எதிர்த்து ஓட்டுப் போட்டார். கட்சி மாநாட்டில் சொந்தக் கட்சித் தலைவரையே மேடையிலிருந்து விரல் நீட்டிக் குற்றம்சாட்டி ரகளையைக் கிளப்பியவர். 1959இல் செனட்டில் குடியரசுக் கட்சித் தலைவரான பிறகுதான், எதிர்க்கட்சி என்பது எதற்கெல்லாம் பயன்படும் என்பதைக் கற்றுக்கொண்டார் என்று எனக்குத் தோன்றுகிறது.

அவருடைய முறை எளியது. முதலில் ஒரு மசோதாவைக் கடுமையாக எதிர்ப்பார். பிறகு எதை மாற்றினால் ஒப்புக்கொள்ளலாம் என்று பட்டியல் போடுவார். பிறகு எதிர்த்தரப்போடு உட்கார்ந்து பேசுவார். கடைசியில் தன் ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்து ஓட்டுப் போடுவார். 1963இல் அணுகுண்டுச் சோதனைத் தடை ஒப்பந்தத்தில் இப்படித்தான் நடந்தது. தொடக்கத்தில் சந்தேகப்பட்டவர், பின்னர் ஜனாதிபதி கென்னடிக்கு ஆதரவாகப் பேசினார். செனட்டில் 80க்கு 19 என்று ஒப்பந்தம் தேறியது. நேரத்துக்கு ஒரு பேச்சுப் பேசுபவர் என்று பத்திரிகைகள் கிண்டல் செய்தன. அவருக்கு அது உறைத்ததாகத் தெரியவில்லை.

இனி குடிமை உரிமைச் சட்டத்துக்கு வருவோம்.

1963 மே மாதம் அலபாமா மாநிலத்தின் பர்மிங்காம் நகரில் கறுப்பினப் பிள்ளைகள் ஊர்வலம் போனார்கள். போலீஸ் நாய்களை ஏவியது. தீயணைப்புக் குழாயால் தண்ணீரைப் பீய்ச்சி அடித்தது. உலகமே அந்தப் படங்களைப் பார்த்தது. ஜூன் மாதம் கென்னடி மசோதாவை அனுப்பினார். ஆகஸ்டில் வாஷிங்டனில் பெரும் பேரணி. செப்டம்பரில் அதே பர்மிங்காமில் தேவாலயத்துக்குக் குண்டு வைத்து நான்கு சிறுமிகளைக் கொன்றார்கள். நவம்பரில் கென்னடியும் சுட்டுக் கொல்லப்பட்டார். அடுத்து வந்த லிண்டன் ஜான்சன் மசோதாவைக் கையில் எடுத்தார்.

மசோதாவின் இதயம், ஓட்டல், விடுதி, திரையரங்கு போன்ற பொது இடங்களில் நிறம் பார்த்துத் தடுக்கக் கூடாது என்ற பகுதி. நம் அரசியலமைப்பின் 15ஆவது பிரிவு கடை, உணவகம், கிணறு, குளம் பற்றி 1950இலேயே இதைச் சொல்லிவிட்டது. பிறகும் இரட்டைக் குவளையை ஒழிக்க நாம் பட்ட பாடு தனிக் கதை. அமெரிக்காவில் அது சட்டமாக இன்னும் 14 ஆண்டுகள் ஆயின. டர்க்சனுக்கு முதலில் பிடிக்காததும் அந்தப் பகுதிதான். கடை ஒருவரின் சொந்தச் சொத்து, யாருக்குப் பரிமாறுவது என்று அரசு கட்டளையிடலாமா என்பது அவர் வாதம். வேலைவாய்ப்புப் பகுதியிலும் அவருக்குத் தயக்கம். 1957, 1960 ஆண்டுகளின் சின்னச் சின்ன குடிமை உரிமைச் சட்டங்களுக்கு ஓட்டுப் போட்டவர்தான். ஆனால் இது பெரிய சட்டம்.

கீழவையில் பிப்ரவரி 10 அன்று மசோதா 290க்கு 130 என்று நிறைவேறியது. ஜனநாயகக் கட்சியில் 152 பேர், குடியரசுக் கட்சியில் 138 பேர் ஆதரவு. அங்கே குடியரசுக் கட்சி ஓட்டுகளைத் திரட்டியவர் ஒஹையோ மாநிலத்தின் வில்லியம் மெக்கல்லக். தொகுதியில் கறுப்பின வாக்காளர் மிகச் சொற்பம். இந்தச் சட்டத்தால் அவருக்குக் கிடைக்கப்போகும் ஓட்டு எதுவும் இல்லை. செனட்டில் மசோதாவை நீர்த்துப்போக விட மாட்டோம் என்ற உறுதியை அரசிடம் வாங்கிக்கொண்டுதான் அவர் இறங்கினார்.

செனட்டில்தான் முட்டுக்கட்டை. அங்கே ஒரு விசித்திர விதி உண்டு. விவாதத்துக்குக் கால வரம்பு கிடையாது. ஒரு கூட்டம் மாற்றி மாற்றிப் பேசிக்கொண்டே இருந்தால் ஓட்டெடுப்பே நடக்காது. இதற்கு ஃபிலிபஸ்டர் என்று பெயர். பேச்சை நிறுத்த அன்றைக்கு மூன்றில் இரண்டு பங்கு ஓட்டு வேண்டும். நூறு பேரும் வந்தால் 67. குடிமை உரிமை மசோதா எதற்கும் அதுவரை அந்த எண்ணிக்கை கிடைத்ததே இல்லை.

மாணவர்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஜனாதிபதி ஜான்சனின் ஜனநாயகக் கட்சிக்குச் செனட்டில் 67 பேர். வேண்டியதும் 67. அப்படியானால் எதிர்க்கட்சி எதற்கு? காரணம், அந்த 67 பேருக்குள்ளேதான் மசோதாவின் பரம எதிரிகளும் இருந்தார்கள். தெற்கு மாநிலங்களின் வெள்ளை ஆதிக்கம் அன்று ஜனநாயகக் கட்சிக்குள் குடியிருந்தது. ஜார்ஜியாவின் ரிச்சர்ட் ரஸ்ஸல் அந்த அணிக்குத் தலைவர். குடியரசுக் கட்சியோ அடிமை முறையை ஒழித்த ஆபிரகாம் லிங்கனின் கட்சி. லிங்கனின் மாநிலமும் டர்க்சனின் மாநிலமும் ஒன்றே. நம் நாட்டில் 1985இல் கட்சித் தாவல் தடைச் சட்டம் வந்த பிறகு, கொறடா உத்தரவை மீறி ஓட்டுப் போடும் உறுப்பினருக்குப் பதவி போகலாம். அமெரிக்காவில் அப்படிச் சட்டமில்லை. ஒரே கட்சிக்காரர்கள் எதிரெதிராக ஓட்டுப் போடலாம். எதிர்க்கட்சிக்காரரோடு சேர்ந்து மசோதாவும் கொண்டுவரலாம்.

மார்ச்சில் தொடங்கிய பேச்சு ஏப்ரல், மே என்று நீண்டது. 60 வேலைநாட்கள். ஆளுங்கட்சித் தரப்பில் மசோதாவை நடத்தியவர் ஹூபர்ட் ஹம்ப்ரி. டர்க்சனை விட்டுவிடாதே, பெருமையெல்லாம் அவருக்கே போகட்டும் என்பது ஜான்சன் அவருக்குச் சொல்லி அனுப்பிய உபாயம். ஹம்ப்ரி போகிற இடமெல்லாம் டர்க்சனைப் புகழ்ந்தார். மே மாதம் பேச்சுவார்த்தை நடந்தது ஆளுங்கட்சி அலுவலகத்தில் அல்ல, டர்க்சனின் அறையில். நீதித்துறை அதிகாரிகள் அங்கே போய் உட்கார்ந்தார்கள். சட்டத்தின் ஒவ்வொரு வரியும் அலசப்பட்டது.

வெளியிலும் சும்மா இருக்கவில்லை. கறுப்பின மக்களின் பழம்பெரும் அமைப்பான என்.ஏ.ஏ.சி.பி.யின் வாஷிங்டன் பிரதிநிதி கிளாரன்ஸ் மிட்செல், செனட் தாழ்வாரத்திலேயே பழியாய்க் கிடந்தார். 101ஆவது செனட்டர் என்றே அவருக்குப் பட்டப்பெயர். தேவாலயங்கள் கிராமப்புற மாநிலங்களின் உறுப்பினர்களுக்கு நெருக்கடி கொடுத்தன. கறுப்பின வாக்காளரே அதிகம் இல்லாத அந்த மாநிலங்களில், ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வரும் வெள்ளை விவசாயிகள்தான் தங்கள் செனட்டருக்குக் கடிதம் எழுதினார்கள். மூன்று சமயப் பிரிவுகளின் குருத்துவ மாணவர்கள் லிங்கன் நினைவிடத்தில் இரவுபகலாக முறைவைத்து நின்று வேண்டுதல் செய்தார்கள். டர்க்சன் மனம் மாறினார் என்று ஒற்றை வரியில் சொல்லிவிட்டுப் போவது இவர்கள் அத்தனை பேரின் உழைப்பையும் விழுங்குவதாகும்.

டர்க்சன் என்ன பெற்றார், என்ன கொடுத்தார்? தனித்தனிப் புகாருக்கெல்லாம் மத்திய அரசு வழக்குப் போடக் கூடாது, ஒரு இடத்தில் பாகுபாடு வழக்கமாகவே நடந்தால்தான் அரசு வழக்காட வேண்டும் என்று மாற்றச் சொன்னார். பாகுபாட்டுக்கு எதிராக ஏற்கெனவே சட்டம் வைத்திருக்கும் மாநிலங்கள் முதலில் விசாரிக்கட்டும் என்றார். வேலைவாய்ப்பு ஆணையத்துக்குத் தானாக வழக்குப் போடும் அதிகாரம் இல்லாமல் போனது. அந்தப் பல் முளைக்க 1972 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இவை சிறிய இழப்புகள் என்று நான் சொல்ல மாட்டேன். எட்டு ஆண்டுகள் என்பது வேலை மறுக்கப்பட்டவருக்கு எட்டு ஆண்டுப் பட்டினி. ஆனால் ஓட்டல் பகுதி நின்றது. வேலைவாய்ப்புப் பகுதி நின்றது. பாகுபாடு காட்டும் நிறுவனத்துக்கு அரசுப் பணத்தை நிறுத்தும் பகுதியும் நின்றது. தான் எதிர்த்த பகுதிகளுக்கே தன் கட்சிக்காரர்களிடம் ஓட்டுக் கேட்டுப் போகும் நிலைக்கு டர்க்சன் வந்து சேர்ந்தார்.

கட்சிக்குள் கலகம் எழுந்தது. அயோவாவின் ஹிக்கன்லூப்பர் தலைமையில் சில பழைமைவாதிகள் முறைத்துக்கொண்டார்கள். அவர்கள் கேட்ட மூன்று திருத்தங்களை ஓட்டுக்கு விடச் சம்மதித்து அவர்களைச் சமாதானப்படுத்தினார்கள். ஒன்று நிறைவேறியது, இரண்டு தோற்றன. தங்கள் குரலும் சபையில் கேட்கப்பட்டது என்ற திருப்தியோடு அவர்களில் பலரும் வரிசைக்கு வந்தார்கள்.

1964 ஜூன் 10. முந்தின இரவு தொடங்கி 14 மணி நேரம் பேசிய மேற்கு வர்ஜீனியாவின் ராபர்ட் பேர்ட் காலையில்தான் உட்கார்ந்தார். கடைசிப் பேச்சு டர்க்சனுடையது. உடல்நிலை சரியில்லை. வயது 68. சுருக்கமாகவே பேசினார். சமத்துவத்துக்கான காலம் வந்துவிட்டது, இனி அதைத் தள்ளிப்போட முடியாது என்பதே சாரம். பிறகு பெயர் கூப்பிட்டு ஓட்டெடுப்பு. கலிபோர்னியாவின் கிளேர் எங்கில் மூளைக்கட்டியால் பேச்சிழந்தவர். சக்கர நாற்காலியில் கொண்டுவரப்பட்ட அவர், தன் கண்ணைச் சுட்டிக்காட்டி ஆம் என்று தெரிவித்தார். ஆங்கிலத்தில் கண்ணுக்கும் சபையில் ஆம் என்பதற்கும் உச்சரிப்பு ஒன்றுதான். அடுத்த மாதமே அவர் இறந்துபோனார்.

எண்ணிக்கை வந்தது. 71க்கு 29. ஜனநாயகக் கட்சியின் 67 பேரில் ஆதரவு 44தான். குடியரசுக் கட்சியின் 33 பேரில் 27. அந்த 27 இல்லையென்றால் சட்டம் இல்லை. ஜூன் 19 அன்று செனட்டில் மசோதா 73க்கு 27 என்று நிறைவேறியது. ஜூலை 2 அன்று ஜான்சன் கையெழுத்துப் போட்டார்.

இங்கேயே நிறுத்தினால் நல்ல கதையாக இருக்கும். ஆனால் இரண்டே வாரத்தில் நடந்ததைப் பாருங்கள். இந்தச் சட்டத்தை எதிர்த்து ஓட்டுப் போட்ட குடியரசுக் கட்சியின் ஆறு பேரில் ஒருவர் அரிசோனாவின் பாரி கோல்ட்வாட்டர். ஆதரித்து ஓட்டுப் போடும்படி டர்க்சன் நேரில் பேசியும் அவர் கேட்கவில்லை. ஜூலை மாதம் சான் பிரான்சிஸ்கோ மாநாட்டில் கட்சி அதே கோல்ட்வாட்டரை ஜனாதிபதி வேட்பாளராக நிறுத்தியது. மேடையேறி அவர் பெயரை முன்மொழிந்தவர் யார்? டர்க்சன்தான். கட்சிக் கட்டுப்பாடு என்று அவர் தரப்பில் சொல்லலாம். அந்த ஒரு பேச்சில் தன் ஆறு வார உழைப்பின் அரசியல் பலனை அவரே கரைத்துவிட்டார் என்றுதான் நான் சொல்வேன்.

நவம்பர் தேர்தலில் கோல்ட்வாட்டர் படுதோல்வி. வென்றது ஆறு மாநிலங்களில் மட்டும். ஒன்று சொந்த மாநிலம். மற்ற ஐந்தும் அலபாமா, மிசிசிப்பி, ஜார்ஜியா, லூசியானா, தென் கரோலினா. நிறவெறியின் நெஞ்சுப் பகுதி. 1960இல் குடியரசுக் கட்சிக்குக் கறுப்பின வாக்குகளில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு கிடைத்திருந்தது. 1964இல் பத்தில் ஒரு பங்குகூடத் தேறவில்லை. தெற்கு வெள்ளையர் லிங்கனின் கட்சிக்குள் நுழையத் தொடங்கினார்கள், கறுப்பர்கள் வெளியேறினார்கள். இரு கட்சிகளும் கலந்து ஓட்டுப் போட்ட காலத்தின் அடித்தளம் அங்கேதான் விரிசல் கண்டது.

ஆனாலும் டர்க்சன் இன்னொரு முறை வந்தார். 1965 மார்ச் 7 அன்று அலபாமாவின் செல்மா பாலத்தில், ஓட்டுரிமை கேட்டு நடந்தவர்களைப் போலீஸ் குதிரையும் தடியும் கொண்டு நொறுக்கியது. மண்டை உடைந்தவர்களில் ஜான் லூயிஸ் என்ற 25 வயது இளைஞரும் ஒருவர். அந்த வட்டாரத்தில் ஓட்டுப் போடும் வயதில் சுமார் 15,000 கறுப்பர்கள் இருந்தும், பட்டியலில் பெயர் இருந்தது சில நூறு பேருக்குத்தான். எழுத்தறிவுத் தேர்வு என்ற பெயரில் வாத்தியாரைக்கூடத் தோல்வியடையச் செய்து திருப்பி அனுப்பினார்கள். பத்தே நாளில் வாக்குரிமை மசோதா தயார். பெரும்பகுதி டர்க்சனின் அலுவலகத்தில் எழுதப்பட்டது. ஆளுங்கட்சித் தலைவர் மைக் மேன்ஸ்ஃபீல்டும் எதிர்க்கட்சித் தலைவர் டர்க்சனும் சேர்ந்து அதைக் கொண்டுவந்தார்கள். பேச்சை நிறுத்த 70க்கு 30, மசோதாவுக்கு 77க்கு 19. மிசிசிப்பியில் நூற்றுக்கு ஏழு பேர்கூடப் பதிவாகாமல் இருந்த கறுப்பின வாக்காளர், 1967க்குள் நூற்றுக்கு அறுபதை நெருங்கினார்கள்.

அதே டர்க்சன்தான், ஒரு ஆளுக்கு ஒரே மதிப்புள்ள ஓட்டு என்ற அடிப்படையில் தொகுதிகளைப் பிரிக்கச் சொன்ன உச்ச நீதிமன்றத் தீர்ப்பை உடைக்க அரசியலமைப்புத் திருத்தம் கொண்டுவந்து தோற்றார். அம்பேத்கரைப் படித்த நமக்கு அது பொறுக்காது. 1966இல் வீடு விற்பதிலும் வாடகைக்கு விடுவதிலும் நிறம் பார்க்கக் கூடாது என்ற மசோதா வந்தது. டர்க்சன் எதிர்த்தார். மசோதா செத்தது. 1968இல் அதே விஷயம் மீண்டும் வந்தபோது மாறினார். மாற வைத்ததில் அவருடைய மருமகன், இளம் செனட்டர் ஹவர்ட் பேக்கருக்குப் பங்கு உண்டு. மார்ச்சில் செனட் நிறைவேற்றியது. ஏப்ரல் 4 அன்று கிங் கொல்லப்பட்டார். ஏப்ரல் 11 அன்று அது சட்டமானது. கேட்டதும் கொடுப்பவர் அல்ல டர்க்சன். ஆனால் கதவை இழுத்துப் பூட்டிவிட்டுச் சாவியைத் தூக்கியெறிபவரும் அல்ல.

இன்னொரு கிறுக்கும் அவருக்கு உண்டு. செண்டுமல்லியை அமெரிக்காவின் தேசிய மலராக்க வேண்டும் என்று ஆண்டுக்கணக்கில் மன்றாடினார். திண்டுக்கல் சந்தையிலும் ஓசூர்ப் பக்கத்திலும் கூடை கூடையாய்க் குவியுமே, அதே பூதான். உறுதியான பூ, எங்கும் வளரும் பூ என்பது அவர் கட்சி. சபை அசையவில்லை. பின்னாளில் 1986இல் ரோஜாவுக்கு அந்த இடம் போனது.

நுரையீரல் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை செய்துகொண்டவர், 1969 செப்டம்பர் 7 அன்று இறந்தார். நாடாளுமன்றக் கட்டடத்தின் நடுமண்டபத்தில் உடலை வைத்தார்கள். செனட்டர்களுக்கான அலுவலகக் கட்டடம் ஒன்றுக்கு 1972இல் அவர் பெயர் வைத்தார்கள்.

இரு கட்சிகளும் கைகோத்த காலம் பொற்காலம் என்று எழுதுகிறவர்கள் உண்டு. அதை அப்படியே வாங்கிக்கொள்ள முடியாது. கறுப்பர்களை மரத்தில் தொங்கவிட்டுக் கொல்லும் கும்பல்களைத் தண்டிக்கும் மசோதா 1922லேயே கீழவையைத் தாண்டியது. செனட்டில் பேசிப் பேசியே கொன்றார்கள். அதன் பிறகும் பல பத்தாண்டுகள், தெற்கு ஜனநாயகக் கட்சியினரும் வடக்குப் பழைமைவாதக் குடியரசுக் கட்சியினரும் நண்பர்களாகச் சேர்ந்து நல்ல மசோதாக்கள் பலவற்றைப் புதைத்தார்கள். மேலிருப்பவர்கள் இருவர் ராசியாவதும் கீழிருப்பவருக்கு நியாயம் கிடைப்பதும் ஒன்றல்ல. ஊர்ப் பஞ்சாயத்துகளைப் பார்த்த நமக்கு இதை விளக்க வேண்டுமா? 1964இல் நடந்தது வேறு. தெருப் போராட்டம் இரு கட்சிகளுக்குள்ளும் ஆட்களைப் பிளந்தது. பிளந்து வந்தவர்களைக் கோத்து 71 ஆக்க உள்ளே ஆள் இருந்தது.

பிறகு அந்தக் கோக்கும் வேலை ஆண்டுக்கு ஆண்டு கடினமானது. தெற்கு வெள்ளை வாக்குகள் ஏறக்குறைய முழுதும் ஒரு கட்சிக்கும், கறுப்பின வாக்குகள் மற்றொரு கட்சிக்கும் போய்ச் சேர்ந்தன. ஒவ்வொரு கட்சியும் ஒரே நிற வேட்டி கட்டிய கூட்டம் போல ஆனது. எதிர்க்கட்சியோடு கைகோத்தவரை உட்கட்சித் தேர்தலிலேயே தோற்கடிக்க ஆள் வந்தது. பேச்சை நிறுத்த வேண்டிய ஓட்டை 1975இல் 60 ஆகக் குறைத்தார்கள். ஆனால் ரஸ்ஸல் காலத்தைப் போல இரவெல்லாம் நின்று பேச வேண்டிய அவசியம் போய்விட்டது. எதிர்க்கிறோம் என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போனாலே மசோதா நின்றுவிடும். முன்பு குடிமை உரிமைக்கு எதிராக எடுத்த ஆயுதம் இன்று எல்லா மசோதாவுக்கும் எடுக்கிற ஆயுதம்.

வாக்குரிமைச் சட்டத்துக்கு மட்டும் கடைசி வரை ஒரு மரியாதை இருந்தது. 2006இல் அதைப் புதுப்பித்தபோது செனட்டில் 98க்கு 0. செல்மா பாலத்தில் அடிபட்ட ஜான் லூயிஸ் அப்போது கீழவை உறுப்பினர். 2013இல் உச்ச நீதிமன்றம் 5க்கு 4 என்ற தீர்ப்பில், எந்தெந்த மாநிலங்கள் தேர்தல் விதியை மாற்றும் முன் மத்திய அனுமதி பெற வேண்டும் என்ற பட்டியல் முறையை நீக்கியது. புதிய பட்டியல் வேண்டுமானால் நாடாளுமன்றம் போட்டுக்கொள்ளலாம் என்றது. லூயிஸ் 2020இல் இறந்தார். அவர் பெயரால் மசோதா 2021இல் கீழவையில் 219க்கு 212 என்று தேறியது. குடியரசுக் கட்சியிலிருந்து ஒரு ஓட்டும் இல்லை. நவம்பரில் செனட்டுக்கு வந்தபோது அக்கட்சியிலிருந்து ஆதரித்தவர் அலாஸ்காவின் லிசா முர்கோவ்ஸ்கி ஒருவர் மட்டும். 60 எட்டவில்லை.

2022 ஜனவரி 19 அன்று வேறொரு தேர்தல் மசோதாவோடு சேர்த்து மறுபடி கொண்டுவந்தார்கள். குடியரசுக் கட்சியின் 50 பேரில் ஒருவரும் வரவில்லை. அதே ஆண்டு மார்ச் 7 அன்று, 1922இல் செனட்டில் செத்த அந்தக் கும்பல் கொலைத் தடுப்புச் சட்டம், நூறாண்டு கழித்து, அதே செனட்டில் ஒருவர்கூட எதிர்க்காமல் நிறைவேறியது. செல்மா பாலத்தில் லூயிஸின் மண்டை உடைந்ததும் ஒரு மார்ச் 7 அன்றுதான்.